இலக்கம் 27, பீலியடி வீதி

காலை ஆறரை மணிக்கு நீலஓயா பஸ் நிலையத்தில் பெரட்டு நடந்துகொண்டிருக்கிறது. மஞ்சள் மேலங்கி போட்ட பதினெட்டுச் சுகாதாரத் தொழிலாளர்கள் வரிசையாக நிற்கிறார்கள். எதிரே வெள்ளைச் சேலை, அதற்கு மேல் கணவருடைய கறுப்புக் குளிர்ச்சட்டை, காலில் சப்பாத்து என்று நின்று பெயர் கூப்பிடுகிறார் வீரய்யா நிஷாந்தி. சட்டப்படி அவர் நகரசபைத் தவிசாளர். ஊர் வாய்க்கு மேயரம்மா. அட்டன் பஸ்ஸுக்குக் காத்து நிற்பவர்கள் கொட்டாவியைப் பாதியில் நிறுத்திவிட்டு வேடிக்கை பார்க்கிறார்கள்.

“லோஜன்!”

“இருக்கேங்க.”

“நீ இருக்க, சரி. ஒன் வெளக்குமாறு எங்க?”

“பஜார்ல சாத்தி வச்சிட்டு வந்துட்டேங்க.”

“கூடை இல்லாம மலைக்குப் போனா கங்காணி லயத்துக்கே தொரத்தி விட்டுருவாரு. நான் தொரத்தல. ஓடிப் போயி எடுத்துட்டு வா. பிளேன்டீ ஆறிப் போகும்.”

தேயிலைத் தோட்டத்தில் வேலைக்குப் போகுமுன் ஆட்களை வரிசையில் நிறுத்தி, பெயர் கூப்பிட்டு, வேலை பிரிப்பதுதான் பெரட்டு. நிஷாந்தி பதினொரு வருஷம் அந்த வரிசையில் நின்றவர். இப்போது எதிர்ப்பக்கம் நிற்கிறார். ஆனால் ஒரு வித்தியாசம் வைத்திருக்கிறார். தோட்டத்தில் துரை மட்டும் பேசுவார். இங்கே கடைசி ஐந்து நிமிடம் தொழிலாளர்கள் பேச வேண்டும், தவிசாளர் வாய் திறக்கக் கூடாது. இந்தச் சட்டத்தைப் போட்டதும் அவர்தான், வாரத்துக்கு நான்கு நாள் மீறுவதும் அவர்தான். “நாங்க பேசி முடிக்கிறதுக்குள்ள அம்மா பதில் சொல்லி முடிச்சிர்றாங்க” என்று லோஜன் சொல்லிச் சிரிக்கிறான்.

அவருடைய விரல்கள் இன்னும் கொழுந்தை மறக்கவில்லை. நடக்கிற வழியில் வேலியோரச் செடியென்று ஒன்று இருந்தால் அதன் நுனி அவர் கையில் இருக்கும். பாடசாலை விழாக்களில் மாலை போடுகிறவர்கள் இதை அறிந்து வைத்திருக்கிறார்கள். அதிபர் வரவேற்புரையை முடிப்பதற்குள் மாலையில் நார் மட்டும் மிஞ்சும், மடியில் பூ குவிந்திருக்கும். சபைச் செயலாளர் டிலானி, தவிசாளர் மேசையில் பூச்சாடி வைக்கும் வழக்கத்தையே கைவிட்டுவிட்டார்.

இன்னொரு பழக்கமும் உண்டு. எந்தக் கடிதம் கைக்கு வந்தாலும் நிஷாந்தி அதை உடனே பிரிக்க மாட்டார். முதலில் முகவரியைச் சத்தமாக வாசிப்பார். பெயர், தகப்பன் பெயர், ஊர் எல்லாம் தன்னுடையதுதானா என்று நிச்சயப்படுத்திக்கொண்ட பிறகுதான் உறையில் கை வைப்பார். பார்க்கிறவர்களுக்கு இது மேயர் பந்தாவாகத் தெரியும். பந்தா இல்லை, பட்ட காயம்.

அவர் பிறந்த வருஷம் தோட்டத்தின் கீழ்ப்பிரிவில் பிள்ளைப்பேறு பார்த்த மருத்துவிச்சிக்கு நிஷாந்தி என்ற பெயர்மீது கொள்ளை ஆசை. பெயர் யோசித்து வைக்காத வீடுகளுக்கெல்லாம் அதையே எழுதிக் கொடுத்துவிட்டார். ஆக, அந்த வருஷம் மட்டும் நாலு நிஷாந்தி. அதில் இருவருக்குத் தகப்பன் பெயரும் வீரய்யா. தொழிலாளர்கள் குடியிருக்கும் வரிசை வீடுகளான லயக் காம்பராக்களுக்கு இலக்கம் கிடையாது, பாதைகளுக்குப் பெயர் கிடையாது. கடிதத்தில் ஆளின் பெயரும் தோட்டத்தின் பெயரும், அதை வாங்கி வைக்கிற பஜார் கடையின் பெயரும்தான் இருக்கும்.

உயர்தரம் சித்தியடைந்து ஆசிரியர் வேலைக்கு விண்ணப்பித்திருந்த நம் நிஷாந்திக்கு நேர்முகத் தேர்வுக் கடிதம் வந்தது. அது போய்ச் சேர்ந்தது மற்ற நிஷாந்தியின் தாயாரிடம். மகள் ராகலையில் வாழ்க்கைப்பட்டிருந்தாள். “கவுருமெண்டு கடுதாசி, நம்ம பிரிக்கப்படாது” என்று அந்த அம்மா பயபக்தியோடு மாரியம்மன் படத்துக்குப் பின்னால் செருகி வைத்தார். தீபாவளிக்கு வந்த மகள்தான் பிரித்துப் பார்த்துவிட்டு ஓடி வந்து கொடுத்தாள். நேர்முகத் தேர்வு முடிந்து முப்பத்தொன்பது நாள் ஆகியிருந்தது. யார்மேல் கோபப்படுவது? நிஷாந்தி அன்று முழுக்க அழுதார். மறுநாள் கொழுந்துக்காரிகள் கட்டும் படங்குச் சாக்கை இடுப்பில் கட்டிக்கொண்டு பெரட்டுக்குப் போனார்.

ஆனால் எழுதப் படிக்கத் தெரிந்த கொழுந்துக்காரியை மலை சும்மா விடுமா? பகலுணவு வேளையில் தேயிலைச் செடிக்கடியில் உட்கார்ந்து பிறப்புச் சான்றிதழுக்கு மனு, பென்ஷனுக்கு மனு, காணாமல் போன அடையாள அட்டைக்கு மனு என்று எழுதிக் கொடுக்கத் தொடங்கினார். பிறகு தொழிற்சங்கத்தில் மாதர் தலைவி. அப்புறம் உள்ளூராட்சித் தேர்தலில் பெண்களுக்கு இடம் ஒதுக்க வேண்டும் என்று சட்டம் வந்தபோது, பட்டியலை நிரப்பப் பெயர் தேடிய கட்சிக்காரர்கள் அவரிடம் வந்தார்கள். “பேரு மட்டும் குடுங்க, வேற ஒன்னும் செய்ய வேணாம்” என்றார்கள். பெயரைக் கொடுத்தார். மற்றதையும் செய்தார்.

போன தேர்தலில் வட்டாரத்தை நேரடியாகவே வென்றார். சபையில் பதினாறு பேர், இரு பக்கமும் எட்டுக்கு எட்டு. தவிசாளர் யார் என்று திருவுளச்சீட்டுப் போட வேண்டி வந்தது. பெட்டி கொண்டுவர மறந்துவிட்ட அதிகாரி, கன்டீனிலிருந்து கழுவிய ஐஸ்கிரீம் டப்பா ஒன்றை வாங்கிவந்து குலுக்கினார். வந்தது நிஷாந்தியின் சீட்டு. கீழ்ப்பிரிவில் தப்பு அடித்து ஆடினார்கள். தோற்றுப்போன மற்றச் சீட்டு, பஜாரில் பலசரக்குக் கடை வைத்திருக்கும் யோகேஸ்வரன் முதலாளியுடையது. அன்றிலிருந்து அவர் வாயில் நிஷாந்திக்குப் பெயர் ‘ஐஸ்கிரீம் மேயர்’.

இது நிஷாந்தியைக் குத்தியது. சிரித்துக்கொண்டுதான் கேட்பார், வீட்டுக்குப் போய்க் கணவர் ஜீவராஜிடம் பொருமுவார். “குலுக்கல்ல வந்தவன்னு சொல்றாங்க. ஒரு தடவையாச்சும் கை தூக்கி ஜெயிச்சுக் காட்டணுங்க.” தேயிலைத் தொழிற்சாலை வேலை முடிந்து வந்த ஜீவராஜ் தலையை ஆட்டிக்கொண்டு ரொட்டியைத் தின்பார். அவர் அதிகம் பேசாத மனிதர், அந்த வீட்டில் பேசுவதற்கு இடமும் குறைவு.

கை தூக்கவேண்டிய விஷயத்தை நிஷாந்தி ஏற்கெனவே தீர்மானித்து வைத்திருந்தார். நகரசபை எல்லைக்குள் இருக்கிற கீழ்ப்பிரிவின் அறுபத்து நான்கு வீடுகளுக்கும் இலக்கம், நான்கு பாதைகளுக்கும் பெயர். தபால்காரர் வாசல்வரை வர வேண்டும். அவ்வளவுதான் தீர்மானம். கேட்பதற்கு எளிதாக இருக்கிறது. ஆனால் இன்றைக்கு இலக்கம் கேட்பவர்கள் நாளைக்குக் காணி உறுதிப்பத்திரம் கேட்பார்கள் என்று தோட்ட நிர்வாகம் மூக்கைச் சுளித்தது. தோட்டத்துக்கு லொறி ஓட்டும் துஷாந்த் நிஷாந்தியின் பக்கத்து உறுப்பினர். அவர் நழுவினார். கையில் ஏழு, எதிரே ஒன்பது.

எதிரே இருந்தவர்களில் கனமான ஆள் யோகேஸ்வரன். அவர் எழுந்தால் பின்னால் நாலு பேர் எழுவார்கள். அவருடைய மறுப்பு காணி பற்றியது அல்ல, மானம் பற்றியது. கீழ்ப்பிரிவுக்காரர்களின் கடிதங்கள் அவருடைய பாட்டனார் காலந்தொட்டு ‘மேற்பார்வை, யோகேஸ்வரன் கடை’ என்றுதான் வருகின்றன. கல்லாவுக்குப் பின்னால் ஒரு பெரிய பிஸ்கட் டின். அதற்குள் கடிதங்கள். சாமான் வாங்க வருகிறவர்கள் தங்கள் கடிதத்தையும் வாங்கிப் போவார்கள்.

“மூனு தலைமொறையாப் பாக்குறோம். ஒரு கடுதாசி தொலைஞ்சதுண்டா? நம்ம கடை இருக்கும்போது வீட்டுக்கு நம்பர் என்னத்துக்கு?” என்று அவர் சபையிலேயே கேட்டார்.

“சரிங்க மொதலாளி. ஒங்க கடைக்கே அனுப்புறேன்” என்றார் நிஷாந்தி.

சொன்னபடி செய்தார். தீர்மானம் வாக்கெடுப்புக்கு வருகிற கூட்டத்தைப் பார்வையாளராக வந்து பார்க்கும்படி, அறுபத்து நான்கு வீட்டாருக்கும் பெயர் எழுதித் தனித்தனியே அழைப்புக் கடிதம். எல்லாம் மேற்பார்வை யோகேஸ்வரன் கடை. ஒரே நாளில் வந்து இறங்கியது. பிஸ்கட் டின் மூடவில்லை. மூன்று லெட்சுமி, ஐந்து மாயாண்டி, அந்தப் பழைய நாலு பேரில் ஊரிலேயே தங்கிவிட்ட இன்னும் இரண்டு நிஷாந்தி. யாருக்கு எது என்று தெரியாமல் முதலாளி தலையைச் சொறிந்துகொண்டு நின்றதை பஜாரே பார்த்துச் சிரித்தது. நிஷாந்தி எதிர்பார்த்தது அந்தச் சிரிப்பைத்தான்.

எதிர்பாராதது அடுத்து நடந்தது. கடிதங்களைப் பிரித்து அடுக்குவதற்காக முதலாளி டின்னைக் கவிழ்த்தார். அடியில் விரித்திருந்த பழைய பத்திரிகைத் தாளுக்குக் கீழிருந்து ஒரு பழுப்பு உறை விழுந்தது. டிக்கோயா ஆஸ்பத்திரியிலிருந்து, க. மாயாண்டிக்கு. கண் சத்திரசிகிச்சைக்கு வரச்சொன்ன திகதி நாலு மாதத்துக்கு முன்னால் போய்விட்டிருந்தது.

யோகேஸ்வரன் அதை யாரிடமும் சொல்லவில்லை. கடையை மத்தியானமே சாத்திவிட்டு, உறையைச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு கீழ்ப்பிரிவுக்கு இறங்கினார். தன் கையாலேயே கொடுத்துவிட வேண்டும் என்று அவருக்கு வைராக்கியம். மழை பிடித்துக்கொண்டது. க. மாயாண்டியின் வீடு எது? ஒருத்தர் மேல் லயம் என்றார். மேல் லயத்தில் இருந்த மாயாண்டிக்கு இரண்டு கண்ணும் நன்றாகத் தெரிந்தது. இன்னொருத்தி பீலிக்குப் பக்கத்தில் என்றாள். மூங்கிலைப் பிளந்து வைத்து ஊற்றுத் தண்ணீர் பிடிக்கிற அந்தப் பீலியைச் சுற்றி வழுக்கி, ஏழு கதவைத் தட்டி, எட்டாவது கதவில் ஆளைக் கண்டுபிடித்தார்.

இஸ்தோப்புத் திண்ணையில் உட்கார்ந்திருந்த கிழவர், காலடிச் சத்தம் வந்த பக்கமாய் முகத்தைத் திருப்பினார்.

“யாருங்க?”

“நாந்தான், கடை மொதலாளி. ஒங்களுக்கு ஒரு கடுதாசி.”

“அடடே! ஆஸ்பத்திரியில இருந்துங்களா? நாலு மாசமாப் பாத்துக்கிட்டே இருக்கேங்க.”

முதலாளியால் அதற்குமேல் நிற்க முடியவில்லை. திண்ணென்ற உடம்புக்காரர், நனைந்த கோழியாகத் திரும்பி ஏறி வந்தார். மறுநாளே தன் வேனில் கிழவரை ஆஸ்பத்திரிக்கு ஏற்றிக்கொண்டு போய்ப் புதுத் திகதி வாங்கிக் கொடுத்தார் என்பது பிறகு தெரியவந்த செய்தி.

கூட்டத்தன்று பார்வையாளர் பக்கம் நிரம்பி வழிந்தது. கொழுந்து மலையிலிருந்து நேரே வந்த பெண்கள் படங்கைக்கூட அவிழ்க்காமல் சுவரோரம் நின்றார்கள். நிஷாந்தி தீர்மானத்தை வாசித்தார். தோற்றுப் போனால் இன்னொரு தடவை இந்தத் தீர்மானத்தை யாரும் தொடமாட்டார்கள் என்பது அவருக்குத் தெரியும். மேசைக்கு அடியில் விரல்கள் நிகழ்ச்சி நிரலின் ஓரத்தைக் கிள்ளிக்கொண்டிருந்தன.

யோகேஸ்வரன் எழுந்தார்.

“கௌரவ தவிசாளர் அவர்களே, போன கூட்டத்துல நான் ஒன்னு சொன்னேன். மூனு தலைமொறையா ஒரு கடுதாசியும் தொலையலன்னு. அது பொய்யிங்க. நான் அறிஞ்சு சொன்ன பொய்யில்ல, ஆனாப் பொய்தான்.” உறை கிடைத்ததையும் எட்டுக் கதவுக் கதையையும் ஒன்று விடாமல் சொன்னார். “பொறந்ததுலேருந்து இந்த டவுன்ல இருக்கேன். எனக்கே ஒரு வீட்டக் கண்டுபிடிக்க ஒன்றரை மணித்தியாலம். போஸ்ட்மேன் என்ன செய்வாரு பாவம்? நம்பர் போடுங்கம்மா. நான் கை தூக்குறேன்.”

தூக்கினார். பின்னால் நாலு கை எழுந்தது. அதைப் பார்த்த துஷாந்தும் சட்டைக் கையைச் சரிசெய்வது போலப் பாவனை செய்து, கடைசியில் தூக்கியே விட்டார். பதினாறில் பதின்மூன்று. டிலானி இருமுறை எண்ணினார். அதற்குள் சுவரோரத்தில் குலவைச் சத்தம் கிளம்பிவிட்டது. சபை ஒழுங்கைக் காக்க வேண்டிய தவிசாளர் முகத்தைச் சேலைத் தலைப்பால் மூடிக்கொண்டு அழுதுகொண்டிருந்தார். பிந்தி வந்த அந்தக் கடிதத்துக்காக அழுதவருக்கு, சந்தோஷத்தில் இப்படி அழுவதற்கு இருபத்து நாலு வருஷம் பிடித்தது.

வெளியே வந்தபோது முதலாளி, “இனிமே ஐஸ்கிரீம்னு சொல்லமாட்டேன் தங்கச்சி” என்றார்.

“சொல்லுங்க மொதலாளி. வாங்கியும் குடுங்க. அறுவத்தி நாலு வீட்டுக்கும்” என்றார் நிஷாந்தி. மனிதர் உண்மையாகவே வாங்கிக் கொடுத்தார், அந்தக் குளிரில்.

தைப்பொங்கலுக்கு முந்திய வாரம் வீடுகளுக்கு இலக்கத் தகடுகள் அடித்து முடிந்தன. பாதைகளுக்குத் தலைவர்களின் பெயர் வைக்கச் சொல்லி நாலு பக்கமிருந்தும் ஆள் விட்டார்கள். நிஷாந்தி காது கொடுக்கவில்லை. ஜனங்கள் எதைச் சொல்லி வழி காட்டுவார்களோ அதுதான் பெயர் என்றார். அவருடைய வீடு இலக்கம் 27, பீலியடி வீதி. ஆம், மேயரம்மா இன்னமும் லயத்தில்தான் இருக்கிறார். மகள் பிரியந்தினி அந்தத் தகட்டோடு செல்பி எடுத்து எல்லோருக்கும் அனுப்பிவிட்டாள்.

மறுநாள் காலை பத்து மணி. நிஷாந்தி வாசலில் சபை வாகனத்துக்காகக் காத்து நின்றார். பாதையில் தபால்காரர் பிரதீபன் சைக்கிளைத் தள்ளிக்கொண்டு வந்தார். அந்தப் பாதைக்கு அவர் வருவது அதுதான் முதல்முறை. தூரத்திலிருந்தே கடிதத்தை உயர்த்திக் காட்டினார்.

“மேயரம்மா! மொதல் லெட்டர் ஒங்களுக்குத்தான். இந்தாங்க!”

நிஷாந்தி எட்டிப் பார்த்தார். நகரசபை முத்திரை. அடுத்த மாதக் கூட்டத்துக்கு உறுப்பினர்களை அழைத்து அவரே கையெழுத்துப் போட்டு அனுப்பிய அறிவித்தல். உள்ளே என்ன இருக்கிறது என்று அவருக்கு ஒரு எழுத்து பிசகாமல் தெரியும்.

“ரோட்டுல வச்சுக் குடுக்காதீங்க தம்பி. நம்பரப் பாத்து வாங்க” என்றார்.

சொல்லிவிட்டு விறுவிறுவென்று வீட்டுக்குள் போனார். கதவைச் சாத்தித் தாழ்ப்பாளையும் போட்டார். சேலையை நீவி விட்டுக்கொண்டு, தட்டும் சத்தத்துக்காகக் கதவுக்குப் பின்னால் நின்றார்.