பாதிச் சவரம்

விருதுநகரில் பஸ்ஸுக்கு நின்று அலுத்துப்போன நேரத்தில், பக்கத்துச் சலூனிலிருந்து வந்த சவர சோப்பு வாசனை என்னைச் சிவகாசியில் நாங்கள் குடியிருந்த லைன் வீட்டுக்குக் கொண்டுபோய்விட்டது. மழையில்லாத ஊர்களிலிருந்து பட்டாசு வேலைக்கு வந்தவர்கள் ஒண்டியிருந்த அந்த இடத்தில் இப்போது ஏதோ குடோன் நிற்கிறது. கடைசி வீட்டுச் செல்லையா மாமாவுக்கு வேலை, கூலிக்குக் குற்றவாளி ஆவது. எங்காவது பட்டாசு ஆலை வெடித்து ஆள் செத்தால், முதலாளிக்குப் பதிலாகத் தான்தான் பொறுப்பு என்று கையெழுத்துப் போட்டு ஜெயிலுக்குப் போவார், இளைத்துத் திரும்புவார், மறுபடியும் போவார். மற்ற நாளெல்லாம் தாடியோடு வாசலில் தூங்கி வழிவார். வெடிச்சத்தம் கேட்டபின் அவர் கிண்ணத்தில் நுரை கலக்கினால், ஆள் செத்திருக்கிறது என்று அர்த்தம். குழாயடியில் குடங்கள் நிரம்பி வழிய, பெண்கள் "எங்கனண்ணே?" என்பார்கள். ஊர்ப்பெயரைச் சொல்லிவிட்டுக் கன்னத்தை இழுத்துப் பிடித்துக்கொள்வார்.

அப்பா தாயில்பட்டிப் பட்டாசு ஆலைக்கு வேலைக்குப் போயிருந்த ஒரு காலையிலும் சத்தம் கேட்டது. பாதி முகம் வழித்த பிறகு மாமா, கூட்டிப்போக வந்து நின்ற ஆளிடம், செத்தது யாரென்று கேட்டார். அவன் காதில் சொன்னான். மாமா நுரையைச் சாக்கடையில் கொட்டினார்.

"இந்தக் கேசுக்கு நான் வரலப்பா. வேற ஆளப் பாத்துக்கோங்க."

குழாயடியில் நின்ற அம்மா அவருடைய பாதி முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். எங்கன என்று அவள் கேட்கவில்லை.