நடுவுல இருந்த பொகை

என் தம்பி பொண்டாட்டி உலகம்மாளப் பத்திச் சொல்லணும்னா, அவ என்னைய எம்புட்டு எரிச்சப்படுத்துவான்னு மொதல்ல சொல்லிட்டுத்தான் பெறவு மத்தது. நாத்தனாக்காரி பேசுதாளேன்னு நெனைக்காதிய. எங்க ஊரு மேலகரத்துல யாருகிட்ட வேணாலும் கேட்டுப் பாருங்க. அவகிட்ட ஒரு சங்கதிய மூச்சு விடாமச் சொல்லி முடிச்சவுக ஒருத்தருங் கெடையாது.

கல்யாணமாகி வந்த புதுசு. எங்கம்மை வடிவம்மா வெளிய போயிட்டு வந்து, "பூனை குறுக்க போச்சு, நம்ம வண்டி கொடைசாஞ்சு போச்சு"ன்னு சொல்லுதா. நாங்க எல்லாரும் ஆமா ஆமான்னு தலைய ஆட்டுதோம். இவ அடுப்படியில இருந்து தலைய நீட்டி, "நடுவுல என்ன அத்தை?"ன்னு கேக்குதா.

"நடுவுல என்னன்னா?"

"பூனை போச்சு, செரி. வண்டி சாஞ்சுது, செரி. ரெண்டுக்கும் நடுவுல என்ன நடந்துச்சு? கடையாணி இருந்துச்சா?"

எங்கம்மைக்கு வந்த ஆங்காரம் இருக்கே, அப்பப்பா! "வந்து எட்டு நாளு ஆகல, என்னையவா விசாரிக்க?"ன்னு ஆடித் தீத்துட்டா. ஆனா போயிப் பாத்தா சக்கரத்துல கடையாணி இல்ல. அப்பவும் விட்டுக்குடுக்காம எங்கம்மை, "பூனை போனதாலதான் கடையாணியே விழுந்துச்சு"ன்னு சொல்லி முடிச்சுட்டா. அன்னையில இருந்து தெருவுல இவளுக்கு 'நடுவுல என்ன'ன்னே பேரு ஆகிப்போச்சு.

நெல்லு அவிச்சுக் காயப்போட்டு, குத்தி, அரிசியா விக்கது இவ சோலி. நாமல்லாம் ஆவி பொங்கிட்டா வெந்துட்டுன்னு அண்டாவ எறக்கிருவோம். இவ அடியில இருந்து ஒரு மணிய எடுத்து, உமி வெடிச்சிருக்கான்னு பாத்துட்டுத்தான் எறக்குவா. அந்தப் புத்திதான் எல்லாத்துலயும். சவத்தோட மல்லுக்கட்டி ஆகாதுன்னு நான் பாதி நேரம் பேசாம எந்திரிச்சு வந்துருவேன்.

ஒரு சீசன் சமயம் நாங்க ரெண்டு பேரும் குத்தாலத்துக்குக் குளிக்கப் போயிருந்தோம். பெரிய அருவிக்குக் கீழ ஒரு வெளியூர்க்காரி மூக்குத்தியக் காணலன்னு கத்துதா. பக்கத்துல நின்னது சீயக்காத்தூள் விக்கிற ஜன்னத். ஏழை, பக்கத்துல நின்னா, மூக்குத்தியக் காணல. அவ்வளவுதான், கூட்டம் கணக்க முடிச்சுட்டு. ஒருத்தன், "நான் என் கண்ணால பாத்தேன், இவதான் எடுத்தா"ங்கான்.

உலகம்மா ஈரச்சேலையோட போயி அவன் முன்னால நின்னா. "பக்கத்துல நின்னதப் பாத்திய. செரி. கை போனதப் பாத்தியளா?"

"அதான் நின்னாளே!"

"நின்னா. நடுவுல என்ன?"

அதுக்குள்ள அந்த வெளியூர்க்காரி கோவத்துல தலைய அவுத்து உதறுதா, முடிச்சுக்குள்ள இருந்து மூக்குத்தி டொக்குன்னு பாறையில விழுது. பாத்தேன்னு சொன்னவன் பொய்யன் இல்லங்க. சத்தியமா அவனுக்குப் பாத்த மாதிரியேதான் இருந்திருக்கும். மனுசப் புத்தி அப்படித்தான் இருக்கு. கூரையில ஓட்டை இருந்தா ஒழுகும்னு எதையாவது சொருகுதோம்லா, அது கணக்கா, நடுவுல ஒண்ணும் தெரியலன்னா நாமளே எதையாவது சொருகிக்கிடுதோம். பெறவு சொருகினது எது, முன்னமே இருந்தது எதுன்னு நமக்கே தெரியாது.

அதெல்லாம் அடுத்தவுக காரியம். இவ கழுத்துக்கே வந்தது ஜப்பான்காரன் ரங்கூன்ல குண்டு போட்ட வருசம்.

என் தம்பி தளவாய், கூட்டாளி பலவேசத்தோட ரங்கூனுக்கு நெல்லு மில்லு வேலைக்குப் போயிருந்தான். ரெண்டு பேரும் சின்னதுல இருந்தே ஒண்ணுமண்ணாத் திரிஞ்சவனுவ. மார்கழியில குண்டு விழுந்துட்டுன்னு சேதி வந்துது. அப்புறம் தை போச்சு, மாசி போச்சு, ஒரு தகவலும் இல்ல. பங்குனியில ஒரு நா மத்தியானம் பலவேசம் மட்டும் வந்தான். எலும்பும் தோலுமா, காலெல்லாம் புண்ணு. காடு மலையெல்லாம் நடந்தே வந்திருக்கான். எங்கம்மை வயக்காட்டுக்குப் போயிருந்தா. வீட்டுல நானும் உலகம்மாளுந்தான். அடுப்படியில உக்காத்தி, கஞ்சி ஊத்தி, அவன் குடிச்சு முடிக்க மட்டும் ரெண்டு பேரும் வாயத் தொறக்கல.

அவன் மடியில இருந்து ஒரு பித்தளச் சுண்ணாம்பு டப்பிய எடுத்துக் கீழ வச்சான். எங்கய்யா டப்பி. தளவாய் அத ஒருத்தங் கையிலயும் நம்பிக் குடுக்கமாட்டான்.

"காலையில மில்லு வாசல்ல வச்சு வெத்தல போட வாங்கினேன் அக்கா. 'சாயங்காலத்துக்குள்ள திருப்பித் தரல, காத அறுத்துருவேம்லே'ன்னான். நான் மூடை ஏத்த ஆத்துப்பக்கம் போயிட்டேன். ஏரோப்ளேன் வந்துச்சு. குண்டு விழுந்துச்சு. திரும்பி ஓடியாந்து பாத்தா கொட்டகையே இல்ல, ஒரே பொகை. கூப்பிட்டேன், தேடினேன். சனமெல்லாம் ஓடுது. நானும் ஓடிட்டேன் அக்கா"ன்னு தேம்பித் தேம்பி அழுதான்.

இது மொத நா சொன்னது. இத நல்லா ஞாபகம் வச்சுக்கிடுங்க, ஏன்னா எனக்கே மறந்து போச்சு.

மறுநாள்ல இருந்து ஊரு பூரா பலவேசத்தப் பாக்க வந்துது. சும்மா வந்தாச் செரி. ஆளாளுக்குக் கேள்வி. "டப்பி உன் கையில எப்படிலே வந்துச்சு? அவந்தான் உசுரு போனாலும் குடுக்கமாட்டானே?" "அப்ப உசுரு போகையிலதான் குடுத்திருப்பான்." "என்னமும் சொன்னானாலே?" "பொண்டாட்டியக் கேட்டிருப்பானே?" அவன் பாவம், தூக்கமில்லாம, காய்ச்சலோட, ஆமா ஆமான்னு சொல்லிக்கிட்டே இருந்தான். ஒரு வாரத்துல டப்பி தளவாய் பக்கத்துல கெடந்து எடுத்ததா ஆச்சு. பத்து நாள்ல, தளவாய் ரத்தத்தோட தலைய இவன் மடியில வச்சு, டப்பியக் கையில குடுத்து, "உலகம்மாகிட்ட சேத்துரு"ன்னு சொல்லிக் கண்ண மூடினதா ஆச்சு. பலவேசம் வேணும்னே கண்ணு மூக்கு வச்சுப் பொய் சொல்லல. ராத்திரி அந்த மடிய, அந்த ரத்தத்தக் கனாக் கண்டு அலறுதான்னு அவன் ஆத்தா மூக்கம்மா எங்கிட்டச் சொல்லி அழுதா. நானும் அந்தக் கதைய நாலு பேத்துக்குச் சொல்லிச் சொல்லி மாரடிச்சு அழுதேன். மொத நா அடுப்படியிலயே அப்படித்தான் சொன்னான்னு எனக்கு நெசமாவே நெனப்பு. கதையும் எங்கனயும் இடிக்காம இருந்துச்சா, நம்பாம என்ன செய்ய?

எங்க பெரிய மாமா வல்லிநாயகம் கருமாதிக்கு நாளு குறிச்சாக. உலகம்மாளுக்குப் பொறந்த வீட்டுல இருந்து வெள்ளச்சேலை வந்து எறங்கியாச்சு. எங்கம்மை படுத்த பாய விட்டு எந்திரிக்கல. இந்த மூதி மட்டும் அழாம நெல்லு அவிச்சுக்கிட்டு இருந்தா. "இவளுக்கு நெஞ்சா கல்லா?"ன்னு நானே வாய்விட்டுக் கேட்டேன். அவ அண்டாவுக்குள்ள இருந்து ஒரு மணிய எடுத்துப் பாத்துக்கிட்டு இருந்தா.

கருமாதி அன்னைக்கு வாசல்ல பந்தல். சனம் கூடியிருக்கு. தாலி கழட்டுறதுக்குப் பொம்பளைக அவளச் சுத்தி நிக்கோம். உலகம்மா எந்திரிச்சு நேரா பலவேசத்துகிட்டப் போனா.

"அண்ணாச்சி, எல்லாரும் கேட்டாக, நான் ஒண்ணும் கேக்கல. இப்ப ஒண்ணே ஒண்ணு கேக்கட்டுமா?"

"கேளு தங்கச்சி."

"டப்பியக் குடுக்கும்போது உங்க கூட்டாளி வையாமக் குடுக்கமாட்டாகளே. அன்னைக்கு என்ன சொல்லி வஞ்சாக?"

பலவேசம் அந்த அழுகையிலயும் லேசாச் சிரிச்சான். "காத அறுத்துருவேம்லேன்னான்."

"எதுக்கு?"

"சாயங்காலத்துக்குள்ள திருப்பித் தரலன்னா..."

சொல்லி முடிக்கல, அப்படியே நின்னுட்டான்.

உலகம்மா மெதுவாக் கேட்டா. "உங்க மடியில தலைய வச்சு உசுரு போகுத ஆளு, சாயங்காலம் டப்பியத் திருப்பிக் கேப்பாகளா அண்ணாச்சி?"

"இல்ல... அது காலையில... மில்லு வாசல்ல..."

"காலையில டப்பிய வாங்கினிய. பெறவு குண்டு விழுந்துச்சு. நடுவுல என்ன பாத்திய?"

அவன் அவ மொகத்தையே பாக்கான். "பொகை"ன்னான். "நடுவுல பொகைதான் தாயீ இருந்துச்சு. நான் பாக்கல. அவன் சாகுறத நான் பாக்கவே இல்ல!"

சொல்லிட்டு அவ காலடியில உக்காந்து ஓன்னு அழுதான். அது துக்க அழுகை இல்ல, பாத்துக்கிடுங்க. நாலஞ்சு வாரமா மடியில பொணத்தச் சுமந்துக்கிட்டுத் திரிஞ்சவன் எறக்கி வச்சுட்டு அழுதான். எனக்கு அப்பந்தான் சுரீர்னு அந்த அடுப்படி, அந்தக் கஞ்சி, அவன் சொன்ன ஒவ்வொரு வார்த்தையும் ஞாபகத்துக்கு வந்துச்சு. "ஆமா! ஆமா! எங்கிட்டயும் பொகைன்னுதான் சொன்னான்!"னு நான் கத்துதேன். எங்கம்மை பாயில இருந்து எந்திரிச்சு ஓடியாந்துட்டா.

வல்லிநாயகம் மாமா எந்திரிச்சு, "அப்பம் அவன் உசுரோட இருக்கான்னு சொல்லுதியாட்டி?"ன்னாக.

வேற எவளா இருந்தாலும் ஆமான்னுதான் சொல்லியிருப்பா. நானா இருந்தாலும் அதத்தான் சொல்லியிருப்பேன். இவ, "அதுவும் தெரியாது மாமா"ன்னா. "இருக்காகன்னு சொன்னா நானும் நடுவுல ஒண்ணச் சொருகுதேன்னு ஆகும். தெரியல. தெரியுத வரைக்கும் தாலி கெடக்குத எடத்துலயே கெடக்கட்டும்."

மாமா துண்ட உதறித் தோள்ல போட்டுக்கிட்டு, "பந்தலப் பிரிங்கலே"ன்னுட்டுப் போயிட்டாக. வெள்ளச்சேலைய இவ மடிச்சு, அதக் கொண்டாந்த அவ அண்ணன் கையிலயே குடுத்து அனுப்பிட்டா. அன்னைக்கு ராத்திரி எங்க வீட்டுல எல்லாரும் பல நாளுக்குப் பெறவு வயிறாரச் சாப்பிட்டோம்.

சித்திரை போச்சு, வைகாசி போச்சு. ஆனியில சாரல் எறங்கிச்சு. ஊர்ல ஒண்ணு ரெண்டு பேரு, "இவ அடம் புடிச்சு நிக்கா, அதான் சாமி கோவத்துல..."ன்னு ஆரம்பிப்பாக. இவ திரும்பி ஒரு பார்வ பாத்தா, மிச்சத்த முழுங்கிருவாக.

ஆடி மாசம், சாரல் பூவாத் தூவிக்கிட்டு இருக்கு. நான் தெருவுல நிக்கேன். தென்காசி ரோட்டுப் பக்கமா ஒரு ஆளு, தாடியும் மீசையுமா, தள்ளாடித் தள்ளாடி வருதான். தெரு மொதல்ல இருக்கது மூக்கம்மா வீடு. அங்கன வாசல்ல விழுந்து, "ஆத்தா! ஒன் மவன் போயிட்டான் ஆத்தா! என் கண்ணு முன்னாலயே போயிட்டான்! ஆத்தாவப் பாத்துக்கோன்னு சொல்லிட்டுப் போயிட்டான்!"னு கதறுதான். குரலக் கேட்டதும் எனக்கு ஆளத் தெரிஞ்சுட்டு. என் தம்பி!

மூக்கம்மா வெளிய வந்து பாத்துட்டுப் பேயின்னு அலறிட்டா. உள்ள சோத்துத் தட்டு முன்னால இருந்த பலவேசம் சோத்துக்கையோட ஓடியாரான். ரெண்டு பேரும் எதிரும் புதிருமா நிக்கானுவ.

"ஏலே, நீ செத்துட்டியேலே!"ங்கான் தளவாய். "உன் கட்டம்போட்ட துண்டு கெடந்துது, அடியில காலு ரெண்டும் தெரிஞ்சுது, நான் பாத்தேனேலே!"

"துண்டு என்னுது. காலு எவனுதோ?"ங்கான் பலவேசம்.

பெறவுதான் தளவாய் நடந்ததச் சொன்னான். குண்டுல தூக்கி எறியப்பட்டு, எவரோ ஒருத்தர் வீட்டுல கெடந்து, பெறவு நடந்து, அஸ்ஸாம் முகாம்ல மலேரியாவுல மாசக்கணக்காப் படுத்து வந்திருக்கான். பக்கத்துப் பாயில படுத்திருந்தவனுக்கெல்லாம் பலவேசம் செத்த கதையச் சொல்லிச் சொல்லி, 'ஆத்தாவப் பாத்துக்கோ' எப்ப வந்து ஒட்டிக்கிட்டுன்னு அவனுக்கே தெரியல. ஆளப் புடிச்சு எழுதிப்போட்ட காயிதமும் வந்து சேரல.

அதுக்குள்ள யாரோ ஓடிப்போய்ச் சொல்லி உலகம்மா வந்துட்டா. கையெல்லாம் நெல்லு உமி. அவனப் பாத்தா. அவன் அவளப் பாத்தான். பெறவு பலவேசத்தப் பாத்து, "என் டப்பி எங்கலே?"ன்னு கேட்டான். பலவேசம் சோத்துக்கையாலயே ரெண்டு காதையும் பொத்திக்கிட்டான். தெருவே சிரிச்சுது. நான் சிரிச்ச சிரிப்புல கொண்டை அவுந்து போச்சு.

உலகம்மா மட்டும் சிரிக்கல. முந்தானையில முடிஞ்சு வச்சிருந்த டப்பிய அவுத்து அவன் கையில குடுத்தா. குடுத்துட்டு அங்கனயே செவுத்துல சாஞ்சு உக்காந்து அழ ஆரம்பிச்சா. கருமாதிப் பந்தல்ல அழாதவ, தேத்த முடியாத அழுகை அழுதா.

எனக்குச் சந்தோசம் தலைக்கேறியிருந்துச்சா, அவளக் கேலி பண்ண இத விட்டா நேரம் கெடைக்காதுன்னு, "ஏட்டி, ஆளு காணாமப் போச்சு, செரி. ஆளு வந்தாச்சு, செரி. பெறவு எதுக்குட்டி இந்த அழுகை? நடுவுல என்ன?"ன்னு கேட்டேன்.

அவ மூக்கச் சிந்திட்டு என்னைய நிமிந்து பாத்தா.

"நடுவுல ஏழு மாசம் இருந்துச்சுல்லா மதினி"ன்னா.

பக்கத்துல உக்காந்து அவ தலைய என் தோள்ல சாச்சுக்கிட்டேன். அவ அழுது முடிக்கட்டும்னு, அடுப்புல இருந்த நெல்ல அன்னைக்கு நாந்தான் போயி எறக்கினேன். அடியில இருந்து ஒரு மணிய எடுத்துப் பாத்துட்டுத்தான் எறக்கினேன்.