கிளிக் கதையும் எங்கள் தெருவின் அபிப்பிராயமும்

தையல் மெஷினுக்கு விடும் எண்ணெயின் வாசனையும் புதுத் துணியின் கஞ்சி வாசனையும் கலந்து அடித்த ஒரே ஒரு புத்தகத்தைத்தான் நான் இதுவரை கையில் எடுத்திருக்கிறேன். செலியமேட்டில் எங்கள் வீட்டுக்கு எதிர் வீட்டில் ஜாக்கெட் தைத்துக்கொண்டிருந்த பிலோமினா அக்கா அதை மெஷினின் இழுப்பறையில், நூல்கண்டுகளுக்கும் பாபின் டப்பாவுக்கும் நடுவில் வைத்திருப்பார். வில்லியனூர்ப் பக்கத்திலிருந்து வாழ்க்கைப்பட்டு எங்கள் தெருவுக்கு வந்தவர் அவர். ஒருமுறை தாய்வீட்டுக்குப் போய்த் திரும்பும் வழியில் பாண்டிச்சேரியில் ஒரு பழைய புத்தகக் கடையில் வாங்கியது. அட்டை கிடையாது, முதல் பதினாறு பக்கங்களும் கிடையாது. அதனால் கதையின் பெயரும் தெரியாது, எழுதியவர் யாரென்றும் தெரியாது. எங்கள் தெருவில் அதற்கு "கிளிக் கதை" என்று பெயர்.

நான் ஐந்தாம் வகுப்பு முடித்திருந்த கோடை விடுமுறை அது. அப்பாவின் தங்கை மல்லிகா அத்தைக்கு அப்போது இருபத்தெட்டு வயது. ப்ளஸ் டூ வரை படித்துவிட்டு வீட்டில் இருந்தவர், பிலோமினா அக்காவிடம் தையல் பழகப் போனார். மத்தியானச் சாப்பாடு முடிந்து பாத்திரங்கள் கழுவிக் கவிழ்த்ததும் என் அம்மாவும் ஜாக்கெட்டுகளுக்கு "ஹூக்கு" வைத்துக் கொடுக்க அங்கே போய்விடுவார். கரும்புக் கொல்லையில் காலை வேலை முடித்துவிட்டுக் கன்னியம்மா என்கிற அம்மாளும் வந்து சுவரில் சாய்ந்து உட்கார்ந்துகொள்வார். அத்தை தையலில் சுமார்தான், ஆனால் வாய்விட்டுப் படிப்பதில் கெட்டிக்காரர். நான் வெட்டுத் துணிக் குவியலின் மேல் படுத்துக்கொண்டு கேட்பேன்.

கதை இதுதான். கடலோரத்து ஊர் ஒன்றில் பரம்பரையாகக் கிளி ஜோசியம் சொல்லும் ஒரு குடும்பம். அந்த வீட்டுக் கிளிகள் செத்துப்போன பாட்டன்மார்களின் குரலில் பேசும், தாத்தா ஒருவர் தன் சாவு நாளைத் தப்பாகக் கணித்துவிட்ட வெட்கத்தில் சாகவே மாட்டேன் என்று கட்டிலில் உட்கார்ந்திருப்பார், யாராவது பொய் சொன்னால் அடுப்பில் இருக்கும் சோறு தானாக உப்புக் கரிக்கும். கடைசிப் பெண் பவளம் படகு செப்பனிடும் ஒருவனை விரும்புகிறாள். கல்யாணத்துக்கு முன்னால் கிளி அவளுக்கு எடுத்துக்கொடுக்கும் சீட்டில், இவள் காலடி வைத்தால் புகுந்த வீட்டுக் கிணறு வற்றிப்போகும் என்று இருக்கிறது. அவள் அம்மா யாரும் பார்க்காத நேரத்தில் அந்தச் சீட்டை மாற்றிவிட்டு, அதைப் பவளத்திடம் மட்டும் சொல்லிவிடுகிறாள். கல்யாணம் நடக்கிறது. பவளம் தினமும் விடிந்ததும் கிணற்றை எட்டிப் பார்க்கிறாள்.

எங்கள் தெருவில் இந்தக் கதையைப் பற்றி ஒரே அபிப்பிராயம் இருந்ததில்லை. அம்மாவுக்கு ஆரம்பத்திலிருந்தே கோபம். "இன்னா கதடி இது, சோறு தானா உப்பாவுதாம்! இவ உப்ப அள்ளிப் போட்டுட்டுக் கத வுடறா," என்பார், ஆனால் ஒருநாள்கூட வராமல் இருந்ததில்லை. பிலோமினா அக்காவுக்கு அந்தப் படகுக்காரன் பவளத்திடம் பேசும் இடங்கள் பிடிக்கும், அப்போது மட்டும் மெஷினை நிறுத்திவிடுவார். கன்னியம்மாவுக்கு எழுத்து தெரியாது. ஆனால் முந்தின நாள் எந்த இடத்தில் விட்டோம் என்பதை அவர்தான் அச்சுப் பிசகாமல் சொல்வார். சாகாத தாத்தாவை அவருக்குப் பிடிக்கவே பிடிக்காது. "ஒரு கெழவன் கட்டில்லயே குந்திகினு இருந்தான்னா, அவனுக்கு யாரு பீ அள்றது? அத எழுதலியே அந்த ஆளு," என்று அவர் கேட்டபோது, அம்மா வைத்துக்கொண்டிருந்த ஹூக்கு கீழே விழும் அளவுக்குச் சிரித்தார்.

சிரிப்பு நின்றது அந்தச் சீட்டு மாற்றும் அத்தியாயத்தில்தான். அதற்குக் காரணம் கதையில் இல்லை, எங்கள் வீட்டில் இருந்தது.

அத்தையின் நட்சத்திரம் ஆயில்யம். ஆயில்ய நட்சத்திரத்துப் பெண் வந்தால் மாமியாருக்கு ஆகாது என்று ஊரெல்லாம் ஒரு நம்பிக்கை. ஜாதகத்தை வாங்கிப் பார்த்தவர்கள் ஒவ்வொருவராக, பெண் நன்றாக இருக்கிறாள், குடும்பம் நல்ல குடும்பம் என்றெல்லாம் சொல்லிவிட்டு, மறுவாரம் ஆள் மூலமாக ஜாதகத்தைத் திருப்பி அனுப்பிவிடுவார்கள். பத்து வருஷமாக இதைப் பார்த்து நொந்துபோயிருந்த அப்பா, அந்தக் கோடையில் ஒரு காரியம் செய்தார். ஒரு ஜோசியரைப் பிடித்து, அத்தை பிறந்த நேரத்தை இரண்டு மணி நேரம் தள்ளி எழுதச் சொன்னார். நட்சத்திரம் மகம் ஆகிவிட்டது. அந்தப் புது ஜாதகம் மதகடிப்பட்டில் மோட்டார் வைண்டிங் கடை வைத்திருந்த சேகர் என்பவரின் வீட்டுக்குப் போனது, பொருத்தம் இருக்கிறது, பெண் பார்க்க வருகிறோம் என்று பதிலும் வந்தது. எனக்கு இதெல்லாம் எப்படித் தெரியும் என்றால், பெரியவர்கள் பேசும்போது தூங்குவதுபோல் படுத்திருப்பதில் அந்த வயதில் எனக்கு நல்ல பழக்கம்.

அந்த வாரத்தில்தான் பவளத்தின் அம்மா சீட்டை மாற்றினாள். அத்தை அந்தப் பக்கத்தைப் படித்து முடித்தார். பிலோமினா அக்காதான் முதலில், விஷயம் தெரியாமல், "இது தப்பு மல்லி. அந்த வூட்டுக்காரங்களுக்குத் தெரியணும் இல்ல? நாளைக்கு நெஜமாவே கெணறு வத்திடுச்சுன்னா?" என்றார்.

"இன்னா தப்பு?" என்று அம்மா சீறினார். "பெத்தவளுக்குத்தான் தெரியும். சீட்டுல எழுதி இருக்குதுன்னு பொண்ண வூட்லயே வச்சிகினு அழணுமா? நானா இருந்தாலும் மாத்துவேன். ஆயிரம் சீட்டு மாத்துவேன்."

இத்தனைக்கும் சோறு உப்பாவதை நம்பாத அம்மா இவர். அவர் கண்கள் கலங்கியிருந்ததைப் பார்த்துப் பிலோமினா அக்கா குனிந்து மெஷினை வேகமாக மிதித்தார். கன்னியம்மா மட்டும் நிதானமாக, "மாத்தினது தப்பு இல்ல. மாத்தினத அந்தப் பொண்ணுகிட்ட சொன்னாளே, அதான் தப்பு. இப்போ பாரு, தெனம் கெணத்தப் பாத்துப் பாத்தே செத்துடுவா," என்றார். அத்தை புத்தகத்தை மூடி இழுப்பறைக்குள் வைத்தார்.

பெண் பார்க்க வந்த நாளில் எங்கள் வீட்டுக் கூடத்தில் வாடகைக்கு எடுத்த பிளாஸ்டிக் நாற்காலிகள் போடப்பட்டிருந்தன. மாப்பிள்ளை சேகர், அவருடைய அம்மா தனலட்சுமி, அந்த அம்மாளின் தம்பி, மூன்றே பேர். தனலட்சுமி அம்மாள் குள்ளமாக, கனமாக, தடித்த கண்ணாடி போட்டவராக இருந்தார். அத்தை காபி கொண்டுவந்து கொடுத்ததும், சமைப்பாயா பாடுவாயா என்று கேட்காமல், "பொழுதுக்கும் வூட்ல இன்னாம்மா பண்ணுவ?" என்று கேட்டார்.

"கதை படிப்பேங்க."

"அட. இப்போ இன்னா கதை படிக்கிற?"

அத்தை சொல்ல ஆரம்பித்தார். கிளிகள், சாகாத தாத்தா, உப்புக் கரிக்கும் சோறு எல்லாம் வந்தன. தனலட்சுமி அம்மாள் நாற்காலியை முன்னால் இழுத்துப் போட்டுக்கொண்டு கேட்டார். சேகர் மாமாகூட வெட்கத்தை மறந்து சிரித்தார். அம்மா சமையலறை வாசலில் நின்று, போதும் போதும் என்று கண்ணைக் காட்டினார். அத்தை நிறுத்தவில்லை. சீட்டை மாற்றிய இடம் வந்ததும் தனலட்சுமி அம்மாளை நேராகப் பார்த்தார்.

"எங்க வூட்லயும் அப்டித்தாங்க. என் நட்சத்திரம் மகம் இல்ல. ஆயில்யம். எங்க அண்ணன் என் மேல இருக்கிற ஆசையில மாத்திட்டாரு. உங்க உயிரு சம்பந்தப்பட்டது, உங்ககிட்ட சொல்லாம நான் வர மாட்டேன்."

தனலட்சுமி அம்மாளின் தம்பி விருட்டென்று எழுந்தார். "எந்திரிக்கா போலாம். ஏமாத்தப் பாத்தவங்க வூட்ல இன்னா பேச்சு?" அப்பா தலையைக் குனிந்தபடி நின்றார். அப்பாவை நான் அதற்கு முன்பும் பின்பும் அப்படிப் பார்த்ததில்லை. தனலட்சுமி அம்மாள் அத்தையை ஒருமுறை ஏற இறங்கப் பார்த்துவிட்டுத் தம்பியின் பின்னால் போனார். காபி டம்ளர்களில் ஆடை படிந்துகொண்டிருந்தது.

அதற்கப்புறம் அப்பா அத்தையோடு பேசவில்லை. அம்மா பேசினார், ஆனால் ஒவ்வொரு பேச்சும் அழுகையில் போய் முடிந்தது. அந்தப் புத்தகத்தை வாங்கி வந்ததே தன் குற்றம் என்று பிலோமினா அக்கா மருகினார். "கதை இன்னா பண்ணும்? அதுவா வாயத் தொறந்துச்சு? இவதான் தொறந்தா," என்று கன்னியம்மா அவரைத் தேற்றினார். அத்தை மட்டும் பட்டன் துளைகளுக்குக் காஜா எடுத்துக்கொண்டு, தைத்ததைப் பிரித்துக்கொண்டு, குனிந்த தலை நிமிராமல் இருந்தார். செய்தது சரிதானா என்று நான் கேட்டதற்கு, "தெரியலடி. ஆனா நல்லாத் தூங்கறேன்," என்றார்.

பன்னிரண்டு பதின்மூன்று நாட்கள் போயிருக்கும். ஒரு மத்தியானம் தனலட்சுமி அம்மாள் கையில் ஒரு ஒயர் கூடையோடு, இரண்டு பஸ் மாறி, தன்னந்தனியாக எங்கள் தெருவில் வந்து நின்றார். அம்மா பதறிப்போய்ப் பாய் விரித்தார். வந்தவர் உட்காரவில்லை.

"அந்தக் கிளிக் கதை இருக்குதா? கெணறு வத்துச்சா இல்லியான்னு தெரியாம ரெண்டு வாரமா எனக்கு மண்ட கொடையுது."

சொல்லிவிடுகிறேனே என்றார் அத்தை. "நீ சொல்லாத. நானே படிச்சிக்கிறேன்," என்று புத்தகத்தை வாங்கிக் கூடைக்குள் போட்டுக்கொண்டு, மோர் குடித்துவிட்டு, அடுத்த பஸ்ஸிலேயே திரும்பிப் போய்விட்டார். அவர் எதற்கு வந்தார், என்ன அர்த்தம் என்று எங்கள் தெரு பத்து நாள் மண்டையை உடைத்துக்கொண்டது.

பத்தாம் நாள் அவரே வந்தார். இந்த முறை பிலோமினா அக்கா வீட்டுக்கே நேராகப் போய், மெஷினுக்குப் பக்கத்து ஸ்டூலில் உட்கார்ந்துகொண்டு கதையைப் பிய்த்து உதறினார். நடுவில் நூறு பக்கம் வெறும் இழுவை. அந்தப் படகுக்காரன் ஒரு சோம்பேறி, பேச்சுதான் பெரிசு. கடைசியில் கிணறு பொங்கித் தெருவெல்லாம் மீன் துள்ளுவது நன்றாக இருக்கிறது, ஆனால் அத்தனை மீனை வைத்துக்கொண்டு யாரும் குழம்பு வைக்கவில்லையே. இதில் படகுக்காரனைப் பற்றிச் சொன்னதற்குப் பிலோமினா அக்கா ஒத்துக்கொள்ளவே இல்லை. இரண்டு பேரும் அரை மணி நேரம் சண்டை போட்டார்கள். கன்னியம்மா தன் பங்குக்குச் சாகாத தாத்தாவை எடுத்துவிட்டார். எல்லாம் ஓய்ந்த பிறகு தனலட்சுமி அம்மாள் அத்தையின் பக்கம் திரும்பினார்.

"எனக்கு சக்கர கீது, பிரஷர் கீது. இன்னிக்கோ நாளைக்கோ நான் போனா உன் நட்சத்திரத்தால போவ மாட்டேன், நான் தின்ற ஜிலேபியால போவேன். என் தம்பி வர மாட்டான், வராட்டி போறான். உங்க அண்ணனக் கூப்புடு."

அப்பா வந்து நின்றார். "மகம்னு எழுத வச்சது நீங்கதானா?" என்று அவர் கேட்டதற்கு, "நான்தாம்மா," என்றார் அப்பா. "தங்கச்சி மேல ஆசை இருந்தா அப்டித்தான் தோணும். இனிமே எங்கிட்ட எதுவும் மாத்திச் சொல்லாதீங்க," என்று சொல்லிவிட்டுக் கண்ணாடியைக் கழற்றிப் புடவைத் தலைப்பில் துடைத்துக்கொண்டார். அன்று சாயங்காலம் அப்பா அத்தையைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டுத் தண்ணீர் கேட்டார். ஆவணியில் கல்யாணம் நடந்தது.

கல்யாணத்தோடு பயம் போய்விட்டது என்று சொன்னால் அது பொய். தனலட்சுமி அம்மாளுக்கு ஒரு காய்ச்சல் வந்தாலும் அத்தை ராத்திரியெல்லாம் கட்டில் பக்கத்திலேயே உட்கார்ந்திருப்பார். ஒருமுறை நெஞ்சுவலி என்று அவரை ஆஸ்பத்திரியில் சேர்த்தபோது அத்தை மூன்று நாள் பச்சைத் தண்ணீர் பல்லில் படாமல் வராந்தாவில் கிடந்தார். கண் விழித்த மாமியார் முதலில் கேட்டது, "அந்தத் தொடர்கதை இந்த வாரம் வந்துடுச்சா?" என்பதுதான். இருபத்தாறு வருஷம் அந்த வீட்டில் மாமியாரும் மருமகளும் ஒரே புத்தகத்தை மாற்றி மாற்றிப் படித்தார்கள், எந்தக் கதையிலும் ஒத்துப்போகவில்லை. வீட்டு முகப்பிலேயே இருந்த கடைக்கு வருகிறவர்கள் உள்ளே ஏதோ குடும்பச் சண்டை என்று நினைத்துத் தயங்கி நிற்பார்கள். மாமா மோட்டாரிலிருந்து தலையை எடுக்காமலே, "அது கதைச் சண்டைங்க, நீங்க வாங்க," என்பார்.

போன பங்குனியில், எண்பத்து மூன்று வயதில், தனலட்சுமி அம்மாள் தூக்கத்திலேயே போய்விட்டார். சாவு வீட்டில் தூரத்து உறவுக்காரி ஒருத்தி, "ஆயில்யம்னு அப்பவே சொன்னாங்க," என்று பக்கத்தில் இருந்தவளிடம் முணுமுணுத்தது என் காதில் விழுந்தது. அத்தையின் காதிலும் விழுந்திருக்க வேண்டும். அவர் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை.

எங்கள் தெருவில் இப்போது எதிர் வீட்டில் மெஷின் ஓடுவதில்லை. பிலோமினா அக்கா மகனோடு பெங்களூரில் இருக்கிறார், கன்னியம்மா காலமாகி வருஷங்கள் ஆகின்றன, கிளிக் கதையை மதகடிப்பட்டில் யாரோ இரவல் வாங்கிப் போய்த் திருப்பித் தரவில்லை. ஒரு கதை எப்படி இருக்கிறது என்று முகம் தெரியாத ஆயிரம் பேர் நட்சத்திரம் போட்டு எழுதுவதை நானும் போனில் படிக்கிறேன். நன்றாகத்தான் எழுதுகிறார்கள். ஆனால் அவர்களில் யாரும் நம் வீட்டுக்கு வந்து ஸ்டூலை இழுத்துப் போட்டுக்கொண்டு சண்டை போடுவதில்லை.

பதினாறாம் நாள் காரியம் முடிந்து நான் கிளம்பும்போது, அத்தை ஒரு புது நாவலைக் கொண்டுவந்து என் கையில் திணித்தார். மாமியார் பாதி படித்து வைத்தது. "என்னால இத முழுசாப் படிக்க முடியல. நீ படிச்சிட்டுச் சொல்லு. நல்லா இல்லன்னா இல்லன்னே சொல்லு, எனக்காக மாத்திச் சொல்லாத," என்றார்.

பஸ் வில்லியனூர் தாண்டுவதற்குள் நாற்பது பக்கம் முடித்திருந்தேன். போன் போட்டேன். கதாநாயகி சுத்த அழுமூஞ்சி, அவள் அக்காவைப் பற்றிக் கதை எழுதியிருந்தால் நன்றாக இருந்திருக்கும் என்றேன்.

"உனக்கு இன்னாடி தெரியும்?" என்றார் அத்தை. "அவ ஏன் அழறான்னு அறுபதாம் பக்கத்துல வரும், மொதல்ல அதப் படி." அப்புறம் பஸ் ஸ்டாண்டு வரும் வரைக்கும் என்னை அவர் பேசவிடவே இல்லை.