இடம் மாறிய பிளஸ்

மாணவர்கள் அவருக்கு வைத்த பெயர் மைக்ரோ மேடம். மைக்ரோபிராசசர் பற்றி நான்கு பாடப்புத்தகங்கள் எழுதியவர். எழுதுவதெல்லாம் சாப்பாட்டு மேசையில்தான். தட்டு வைக்க இடமில்லாமல் அவருடைய கணவர் பாதி நாள் சமையலறையில் நின்றபடியே சாப்பிடுவார்.

ஐந்தாவது புத்தகம் வெளிவந்திருந்த சமயம். காலையில் கணவர் அதைப் புரட்டிக்கொண்டிருந்தார். பக்கத்தில் வந்து எட்டிப் பார்த்த மேடத்துக்குக் கையும் காலும் ஓடவில்லை. பவர் சப்ளை படத்தில், பெரிய கெப்பாசிட்டரின் பிளஸ்ஸும் மைனஸும் இடம் மாறியிருந்தன. அப்படியே இணைத்து மின்சாரம் கொடுத்தால் அது வெடித்துச் சிதறும்.

"நான் சரியாத்தாங்க வரைஞ்சு கொடுத்தேன்."

"ப்ரூஃப் பாத்தியா?"

"எழுத்தைத்தான் பாத்தேன். படத்தைக் கோட்டை விட்டுட்டேன்."

உடனே பதிப்பாளருக்குப் போன் போட்டார்.

"ஒரு சின்ன குறிதானே மேடம்? அடுத்த பதிப்புல மாத்திக்கலாம்."

"வெடிக்கும்ங்க!"

"புத்தகம் வெடிக்காதுல்ல?"

மேடம் போட்ட சத்தத்தில் பதிப்பாளர் வழிக்கு வந்தார். ஒரே ஒரு கல்லூரிக்குத்தான் புத்தகம் போயிருந்தது, மீதியெல்லாம் குடோனில். அந்தக் கல்லூரியில் யாரும் போனை எடுக்கவில்லை. டாக்சி பிடித்து அங்கே போகும்போது, கண்ணைப் பொத்திக்கொண்டு அலறும் யாரோ ஒரு பிள்ளையின் முகம்தான் அவர் மனதில் திரும்பத் திரும்ப வந்தது.

லேப் வராந்தாவிலேயே கருகிய வாடை. உள்ளே ஒரு மாணவி முகத்தைக் கழுவிவிட்டு நின்றிருந்தாள். தலைமுடியில், வெடித்த கெப்பாசிட்டருக்குள் இருந்த காகிதத் துணுக்குகள்.

"கண்ணுக்கு ஒண்ணும் ஆகலையேம்மா?"

"கண்ணாடி போட்டிருந்தேன் மேடம். அதுலதான் தெறிச்சுது."

விரிவுரையாளர் ஓடி வந்தார். "நீங்க எங்க மேடம் இங்க? இவ எதையோ தப்பா கனெக்ட் பண்ணிட்டா. இப்பத்தான் திட்டிக்கிட்டு இருந்தேன்."

மேடம் அந்த போர்டைக் குனிந்து பார்த்தார். ஒவ்வொரு கம்பியும் புத்தகத்தில் இருந்தபடியே இருந்தது.

"அவ சரியாத்தான் பண்ணியிருக்கா சார். என் புத்தகம்தான் தப்பு."

"அப்போ எனக்கு மார்க் உண்டா மேடம்?" என்றாள் அவள். எல்லாரும் சிரித்தார்கள். மேடத்துக்குச் சிரிப்பு வரவில்லை. அங்கிருந்த பிரதிகளையெல்லாம் வாங்கி, தன் பேனாவாலேயே திருத்திக் கொடுத்துவிட்டுத்தான் கிளம்பினார்.

குடோனில் இருந்த கட்டுகளைப் பிரித்து, அவரும் கணவரும் திருத்தச் சீட்டு ஒட்டினார்கள். ஒட்டிய பக்கத்தையே மேடம் மறுபடி மறுபடி சரிபார்த்ததில் வேலை நகரவே இல்லை. கடைசியில் கணவர் பசை டப்பாவைத் தன் பக்கம் இழுத்து வைத்துக்கொண்டார்.

அதன்பிறகும் மேடத்துக்கு மனசு ஆறவில்லை. கண் எரிகிறதா, மங்கலாகத் தெரிகிறதா என்று அந்த மாணவிக்குத் தினமும் போன் செய்தார்.

ஒருநாள் அவள் தயங்கித் தயங்கிச் சொன்னாள்: "எனக்கு ஒண்ணுமே இல்ல மேடம். நீங்க கேட்டுக் கேட்டு எங்கம்மாதான் பயந்து போயிருக்காங்க. அவங்ககிட்ட கொஞ்சம் பேசுறீங்களா?"