ஒரே கரண்டி

என் மகனுக்கு ஐந்து வயது. இறால் கொஞ்சம் உள்ளே போனாலும் உதடு வீங்கி மூச்சுத் திணறும். மாமியாரிலிருந்து பாலர் பள்ளி ஆசிரியை வரை எல்லாருக்கும் இதை விளக்கி விளக்கி எனக்கு அலுத்துவிட்டது.

அன்று ஜெலுத்தோங்கில் பசி என்று அழுதவனை சோற்றில் பல குழம்புகளை ஊற்றித் தரும் ஒரு நாசி கண்டார் கடைக்கு அழைத்துப் போனேன். "கோழிக் குழம்பு மட்டும் போடுங்க அண்ணே. இவனுக்கு இறால் அலர்ஜி" என்றேன்.

கடைக்காரர் தட்டைக் கீழே வைத்தார். "அப்ப வேணாம்லா அக்கா. இங்க எல்லாத்துக்கும் ஒரே கரண்டிதான். கோழியிலயும் இறால் குழம்பு கலந்திருக்கும்."

"கரண்டிய கழுவிட்டுப் போடுங்களேன். பிள்ளை அழுவுறான்."

"கரண்டிய கழுவலாம். குழம்ப எப்படிக் கழுவுறது?"

"சோறு விக்க இவ்வளவு திமிரா?" என்று கத்திவிட்டு அடுத்த கடைக்குப் போனேன். அங்கும் அதே மாதிரி குழம்புகள் வரிசையாக இருந்தன. கோழிக் குழம்பு மட்டும் கேட்டேன். இறாலைப் பற்றி வாயே திறக்கவில்லை. சொன்னால் இவரும் மறுத்துவிடுவார் என்று தெரியும். யாரிடமும் இன்னொரு முறை விளக்க எனக்குத் தெம்பில்லை.

நான்கு வாய்தான் சாப்பிட்டான். உதடு வீங்கியது. எப்போதும் பையில் வைத்திருக்கும் அலர்ஜி ஊசியை அவன் தொடையில் குத்தி, மருத்துவமனைக்குத் தூக்கிக்கொண்டு ஓடினேன். பிழைத்துவிட்டான்.

வேலையிலிருந்து பதறி வந்த கணவர், "கடையில இறால் ஆகாதுன்னு சொன்னியா?" என்று கேட்டார்.

"சொன்னேன்" என்றேன்.

முதல் கடையில் சொன்னது உண்மைதான். அவர் கேட்டது அந்தக் கடையைப் பற்றி அல்ல.