நாய் பிடித்தவருக்கு ஒரு பொன்னாடை

மனிதருக்கும் விலங்குகளுக்கும் உள்ள உறவை ஆராயும் சங்கம் ஒன்றில் நான் செயலாளர். உறுப்பினர்கள் பெரும்பாலும் பல்கலைக்கழக ஆட்கள். மாதம் ஒரு சனிக்கிழமை காலையில் பிரிக்பீல்ட்ஸில், மூக்குக்கண்ணாடிக் கடை ஒன்றின் மாடியில், வாடகை அறையில் கூடுவோம். யாராவது ஆங்கிலத்தில் கட்டுரை வாசிப்பார்கள். மற்றவர்கள் கேள்வி கேட்பார்கள். பிறகு மீஹூன் சாப்பிட்டுவிட்டுக் கலைவோம். விலங்கு எதுவும் அந்த அறைக்கு வந்ததில்லை. நான் ஸ்ரீ கெம்பாங்கானில் ஒரு தனியார் கல்லூரியில் மொழிபெயர்ப்புப் பாடம் எடுப்பவள். காக்கைகளைப் பற்றி ஒரு கட்டுரை எழுதப் போய் இதில் சேர்க்கப்பட்டேன்.

சென்ற ஆண்டு எங்கள் தலைவர், ஒரு சீனப் பேராசிரியை, ஒரு யோசனை சொன்னார். நம் குரலையே நாம் கேட்டுக்கொண்டிருக்கிறோம், விலங்குகளோடு கையால் வேலை செய்த ஒருவரைக் கூப்பிட்டுப் பேசவைப்போம் என்றார். விசாரித்ததில் கிள்ளானில் ஒருவர் கிடைத்தார். ஏதோ ஒரு நகராண்மைக் கழகத்தில் தெருநாய் பிடிக்கும் பிரிவில் இருபத்தெட்டு ஆண்டுகள் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். அவர் தமிழர் என்பதால் போன் செய்யும் பொறுப்பு எனக்கு வந்தது.

“ஐயா, எங்க சங்கத்துல உங்களோட…” என்று ஆரம்பித்தேன். முன்பின் தெரியாத பெரியவரிடம், எடுத்த எடுப்பில் நாய் பிடிப்பதைப் பற்றிப் பேச நாக்கு வரவில்லை. “உங்க சேவைய பத்தி பேசணும், அவசியம் வரணும்” என்று முடித்தேன்.

மறுமுனையில் அவர் மனைவியிடம் ஏதோ சொல்வது கேட்டது.

“குடும்பத்தோட வரலாமா டீச்சர்?”

“தாராளமா வாங்க ஐயா.”

சேவை என்ற சொல்லுக்கு நம் ஆட்களிடையே மாலை, பொன்னாடை, குழுப்படம் மூன்றும் சேர்ந்ததுதான் பொருள் என்பது, மொழிபெயர்ப்பு சொல்லிக்கொடுக்கும் எனக்கு அப்போது உறைக்கவில்லை.

கூட்டத்தன்று கொமுட்டர் ரயிலில் வந்து இறங்கி மூவரும் நடந்தே வந்தார்கள். அவர் மடிப்புக் கலையாத பாத்தேக் சட்டை போட்டிருந்தார். மனைவி பட்டுப்புடவையில் இருந்தார். முப்பது வயது மதிக்கத்தக்க மகள் படம் எடுக்கத் தயாராகப் போனைக் கையிலேயே வைத்திருந்தாள்.

“மேடை எங்க அக்கா?” என்று கேட்டாள்.

“நாங்க இப்படித்தான் வட்டமா உட்கார்ந்து பேசுவோம்.”

அவள் திரையைப் பார்த்தாள். அன்றைய தலைப்பு ஆங்கிலத்தில் பெரிய எழுத்தில் இருந்தது. தமிழில் சொன்னால், கொல்வதும் பேணுவதும்.

“இது எங்க அப்பாவ பத்தியா?”

“பொதுவா” என்றேன்.

அவள் போய் அப்பாவின் நாற்காலியைத் திரைக்கு முதுகு காட்டும்படி திருப்பிப் போட்டாள்.

நான் தலைவரைத் தனியாக அழைத்து, அவர்கள் விருது கிடைக்கும் என்று நினைத்து வந்திருப்பதைச் சொன்னேன். அவர் கண்ணாடியைக் கழற்றினார்.

“விருதா? எதுக்கு?”

“நாய் பிடிச்சதுக்கு.”

“எத்தனை வருஷம்?”

“இருபத்தெட்டு.”

“முப்பது வருஷமா பாடம் நடத்துறேன், எனக்கே ஒருத்தரும் ஒண்ணும் கொடுக்கல லா” என்றார். பிறகு, “போய் வாங்கிட்டு வா” என்றார்.

பக்கத்தில் நின்ற எங்கள் அறவியல் விரிவுரையாளர், பால்கூடக் குடிக்காதவர், தன்னால் கைதட்ட முடியாது என்றார். கைதட்ட வேண்டாம், வெளியே நின்றால் போதும் என்றார் தலைவர்.

துணிக்கடையில் பொன்னாடை வாங்கிக்கொண்டு பூக்கடைக்கு ஓடினேன்.

“என்ன பங்ஷன்?” என்றார் பூக்கார அக்கா.

“பாராட்டு விழா.”

“யாருக்கு?”

“நாய் பிடிச்சவருக்கு.”

“ரோஜாவா, சம்பங்கியா?”

ரோஜா வாங்கினேன்.

நான் திரும்பியபோது கேள்விகள் தொடங்கக் காத்திருந்தன. அவர் தமிழில் பேச, நான் ஆங்கிலத்தில் சொல்வதாக ஏற்பாடு. முதல் கேள்வி ஓர் ஆய்வு மாணவியுடையது. விலங்கின் பார்வையை எதிர்கொள்ளும் கணத்தில் தங்கள் தன்னிலை எவ்வாறு குலைகிறது என்று கேட்டாள். இதை அவரிடம் எப்படிக் கொண்டுபோவது என்று யோசித்தேன்.

“நாய் உங்கள பார்க்கிறப்ப நீங்க எங்க பார்ப்பீங்க ஐயா?”

“கழுத்த. கண்ண பார்த்தா சுருக்கு தவறிடும்.”

அதைச் சொன்னதும் எல்லாரும் குனிந்து எழுதினார்கள். எதற்கு எழுதுகிறார்கள் என்பதுபோல் அவர் மனைவியைப் பார்த்தார்.

பிறகு அவரே பேசினார். வேலை முடிந்து வந்தால் வீட்டுக்குப் பின்புறம் குளித்து, உடை மாற்றிக்கொண்டுதான் உள்ளே வருவாராம். லோரிச் சத்தம் கேட்டாலே நாய்கள் ஓடிவிடும் என்பதால் முந்தின தெருவிலேயே இறங்கி நடப்பார்களாம். கொஞ்ச நாளில் நாய்களுக்கு அவருடைய இருமலும் பழகிவிட்டதாம்.

“பென்ஷன் வாங்கினப்புறமும் வெளிய போனா எல்லா நாயும் குரைக்கும் டீச்சர். கோயிலுக்குப் போனாலும் குரைக்கும். அப்புறம் ஒண்ணொண்ணா நின்னுபோச்சு. பழசெல்லாம் செத்துருச்சு, புதுசுக்கு என்னைத் தெரியாது. ஒரு நாளு பாசாருக்குப் போயிட்டு வந்தேன். ஒரு நாய்கூடத் தலை தூக்கல.”

“அது நல்லதுதானே?” என்று தலைவர் கேட்டதைச் சொன்னேன்.

“நல்லதுதான் மேடம்.”

“அன்னைக்கு இவரு சோறு சாப்பிடல” என்றார் மனைவி.

அதை ஆங்கிலத்தில் சொல்ல எனக்குக் கொஞ்ச நேரம் பிடித்தது. 

தலைவர் எழுந்து மாலை போட்டார். நான் பொன்னாடை போர்த்தினேன். மாலையிலிருந்து தண்ணீர் சொட்டி பாத்தேக் சட்டை நனைந்தது. மகள் தானும் படத்தில் இருக்க வேண்டுமென்று போனை நீட்ட ஆள் தேடினாள். எல்லாரும் படத்துக்கு நின்றுவிட்டதால், வெளியே நின்ற விரிவுரையாளர்தான் கிடைத்தார். அவர் போனை வாங்கி ஒரு படம் எடுத்தார். பெரியவர் கண்ணை மூடிவிட்டார் என்று சொல்லி இன்னொரு முறை எடுத்தார். பிறகு, பொன்னாடையைக் கொஞ்சம் இழுத்துவிடச் சொல்லி மூன்றாவது முறையும் எடுத்தார்.

இரண்டு வாரம் கழித்து, அவர் பேச்சைத் தட்டச்சு செய்து, படித்துக் காட்டக் கிள்ளானுக்குப் போனேன். மன்னிப்புக் கேட்பதும் என் திட்டத்தில் இருந்தது. மகள் வாசலிலேயே நிறுத்தினாள்.

“அப்பாட்ட ஒண்ணும் சொல்லிடாதீங்க அக்கா. படத்த பிரேம் போட்டு மாட்டியாச்சு.”

அதனால் நான் படித்துக் காட்டுவதோடு நிறுத்திக்கொண்டேன். அவர் மைலோவை ஆற்றிக்கொண்டே, வேறு யாருடைய கதையையோ கேட்பதுபோல் கடைசி வரை கேட்டார்.

“சோறு சாப்பிடாதத எடுத்துரலாமா?” என்றார்.

“இருக்கட்டும்” என்றார் மனைவி, சமையலறையிலிருந்து.

அது இருந்தது. கிளம்பும்போது அவர், சங்கத்தில் சேர என்ன செய்ய வேண்டும் என்று கேட்டார். என் பையில் ஓர் உறுப்பினர் விண்ணப்பப் பாரம் இருந்தது. அங்கேயே பூர்த்தி செய்தார். ஆய்வுத் துறை என்ற இடத்தில் ‘நாய்’ என்று எழுதினார்.

இப்போது எல்லாக் கூட்டத்துக்கும் வருகிறார். நேரத்துக்கு வருகிறவர்கள் அவரும் அந்த விரிவுரையாளரும் மட்டும்தான் என்பதால், இருவரும் பக்கத்துப் பக்கத்து நாற்காலியில் மீதிப் பேருக்காகக் காத்திருக்கிறார்கள். போன மாதம் ஒரு விருந்தினர் யானைகளின் துக்கத்தைப் பற்றி நீண்ட கட்டுரை வாசித்தார். முடிந்ததும் பெரியவர் கையைத் தூக்கிக்கொண்டு எழுந்தார். நான் மொழிபெயர்க்க எழுந்து நின்றேன்.

“மேடம், நீங்க அந்த யானைங்கள பார்த்திருக்கீங்களா?”

விருந்தினர் சற்று யோசித்து, நேரில் இல்லை என்றார்.

“சரி மேடம்” என்று சொல்லிவிட்டு அவர் உட்கார்ந்தார்.