கொழுந்து மடுவத்தில் ஆடிய நாள்

அன்று மாலை மடுல்சீமைப் பக்கத்து எங்கள் தேயிலைத் தோட்டத்துக் கொழுந்து மடுவக் கொட்டகையில் இருந்தவர்கள் ஒன்பது பேர்: கொழுந்து நிறுக்கக் காத்திருந்த எட்டுப் பெண்கள், அப்புறம் நான். கணக்கப்பிள்ளை பிந்தித்தான் வந்தார், அவரோடு பத்து.

நான் வெள்ளைக்காரத் துரை பங்களா ஆயாவின் மகள். துரைசாணி தன் மகளுக்கு பாலே ஆட்டம் சொல்லிக்கொடுத்தபோது, ஜோடி வேண்டுமென்று என்னையும் நிறுத்திக்கொண்டாள். ஐந்தாம் வகுப்போடு என் பள்ளிக்கூடம் நின்றது அப்படித்தான். ஆறு வருஷம் பங்களா விறாந்தையில் கால்விரல் நுனியில் நின்றேன். பிழை விட்டால் பிரம்பு நுனியால் தொட்டுத் திருத்துவாள். உடம்புக்குக் கனமே இல்லாததுபோல் ஆட வேண்டும். அதுதான் அங்கே சட்டம்.

அவர்கள் கப்பலேறிய மறுவருஷம் என் சப்பாத்து கிழிந்தது. வெறுங்காலில் ஆடிப்பார்த்த ஒருநாள், கனத்தை ஏன் மறைக்க வேண்டும், கனத்தையே ஆடினால் என்ன என்று தோன்றியது. பாட்டு இல்லை. என்மேல் கொழுந்து விழ விழ, மெல்லத் தரைக்கு இறங்க வேண்டும். சிரிப்பார்களே என்று ஒரு மாதம் பயந்துவிட்டு, பக்கத்துக் காம்பராவில் குடியிருந்த அக்காவிடம் சொன்னேன். அவள் தன் கூடையையே தருவதாகச் சொன்னாள். அதில் பதினாறு ராத்தலுக்குக் குறைந்தால் அவளுக்கு அரைப்பேர்தான், பாதி நாள் கூலி. அந்தப் பயமும் சேர்ந்துகொண்டது.

“அள்ளிப் போட்டுக்கலாம், நீ ஆடு தாயி,” என்று அன்று மாலை கூடையை என்மேல் கொட்டத் தொடங்கினாள்.

முழங்கால், இடுப்பு, தோள் என்று இறங்கினேன். இது வலிப்பா என்று ஒருத்தி கேட்டாள். நெஞ்சுவரை கொழுந்து மூடியபோது இன்னொருத்தி எழுந்து வந்தாள்.

“ஆட்டமெல்லாம் சரிதான். எலை நசுங்கிச் செவந்துரும்டி.”

என் தோளிலிருந்து பொறுக்கத் தொடங்கினாள். பிறகு எட்டுப் பேரும் வந்தார்கள். மலையில் பறிக்கிற அதே வேகம், இரண்டு கையாலும். கனம் குறையக் குறைய நான் எழுந்தேன். அதை நான் யோசித்து வைத்திருக்கவில்லை. எட்டுப் பேரின் விரல்கள் சேர்ந்து என்னை நிறுத்தின. பயம் எங்கே போனதென்றே தெரியவில்லை.

கணக்கப்பிள்ளை வந்து, சிவந்த இலையைக் கழித்து நிறுத்தார். பதினாலு ராத்தல். அரைப்பேர் போட்டார்.

சம்பள நாளில் அக்காவுக்கு நட்டமான ஒரு ரூபாய் அறுபது சதத்தைக் கொண்டுபோனேன். ரூபாயை மட்டும் எடுத்துக்கொண்டாள்.

“மிச்சம் ஓங்கிட்டயே கெடக்கட்டும். கடன் இருந்தாத்தான் மறுபடி ஆடுவ. இல்லன்னா பயந்துக்கிட்டு காம்பராவுலயே ஒக்காந்துருவ.”

அப்புறம் எத்தனையோ தரம் அந்த மடுவத்தில் ஆடிவிட்டேன். ஒவ்வொரு முறையும் நீட்டுவேன், வாங்கமாட்டாள். அறுபது சதம் இன்னும் பாக்கி.